சூடம் அணைத்துச் சொன்ன கதை

போன வாரம் உங்களில் ஒருவர் என்னைத் தனியாக நிறுத்திக் கேட்டார்: "மேடம், ஊருக்குள்ள போயி கதை அளக்கும்போது கை நடுங்குது. இது எப்ப நிக்கும்?" அன்றைக்கு ஏதோ சிரித்து மழுப்பிவிட்டேன். இன்று ஓய்வு பெற்றவளைக் கூப்பிட்டு டீயும் கடலைமிட்டாயும் கொடுத்து உட்கார வைத்திருக்கிறீர்கள். இதற்குமேலும் மழுப்பினால் நன்றாக இருக்காது. நிற்காது, பிள்ளைகளா. எனக்கு நிற்கவில்லை. நின்றுவிட்டது என்று எவராவது பெருமை பேசினால் அவரோடு மட்டும் ஜீப்பில் ஏறாதீர்கள்.

முரண்தாங்கியல் என்றால் என்ன என்று என் மாமியார் கடைசிவரை கேட்டுக்கொண்டே இருந்தார். இங்கே மில்லில் நூலை இழுத்து, எந்த எடையில் அறுகிறது என்று பார்க்கிறார்களே, அதைத்தான் நாங்கள் கதைக்குச் செய்கிறோம் என்பேன். ஒரு சம்பவம் நடந்தது, இது முதலில், அது பிறகு என்று மனிதர்கள் ஒரு வரிசை சொல்கிறார்கள். அதற்கு ஒவ்வாத ஒன்றை எடுத்து மெதுவாக அதன்மேல் ஏற்றுவோம். தாங்கினால் இன்னும் கனமான ஒன்று. எங்கே முறிகிறதோ அதுதான் அந்தக் கதையின் அளவு. "பொய்யா நெசமான்னு கண்டுபிடிக்கிற வேலையா, ஏட்டி?" என்பார். இல்லை அத்தை, தாங்குமா தாங்காதா என்று மட்டும். "அப்ப என்னத்துக்கு இம்புட்டுப் படிச்சே?" என்று வெற்றிலையை மடித்து வாயில் போட்டுக்கொள்வார்.

லேசான வேலைகளும் உண்டு. இடைசெவலில் ஒரு மோட்டார் சைக்கிளுக்காக அண்ணன் தம்பி இரண்டு பேர் ஆளுக்கொரு கதை வைத்திருந்தார்கள். அப்பா எனக்குத்தான் முதலில் சாவி கொடுத்தார் என்று இருவரும் சாதித்தார்கள். அப்பாவுக்கு அப்போது கண் ஆபரேஷன் ஆகிக் கட்டு போட்டிருந்ததே, யார் கையில் கொடுத்தோம் என்று அவருக்கே எப்படித் தெரியும் என்றேன். இரண்டு கதையும் ஒரே சமயத்தில் பொத்தென்று விழுந்தன. அப்படிப்பட்ட நாட்களில் சம்பளம் வாங்கவே கூச்சமாக இருக்கும்.

இன்று சொல்ல வந்தது வேறு. தொண்ணூறுகளின் நடுவில், பசுவந்தனைப் பக்கம் ஒரு கரிசல் ஊர். பெயர் வேண்டாம், அந்த ஊரில் இன்னும் ஆட்கள் இருக்கிறார்கள்.

அந்த வட்டாரத்துப் பெண்களை விடியக்காலம் வேன் வந்து ஏற்றிக்கொண்டு தீப்பெட்டி ஆபீசுக்குப் போகும். அப்படிப் போன ஓர் ஆபீசில் தீப்பிடித்தது. மருந்து அறையில் இருந்தவர்களை அடையாளம் காண வழியில்லை. அந்த ஊரிலிருந்து அன்று போனவள் மாரிக்கனி ஒருத்திதான் என்றார்கள். மற்ற பெண்கள் எல்லாம் பருத்தி எடுக்கக் காட்டுக்குப் போயிருந்தார்கள். ஆபீஸ்காரர்களோ, உங்கள் ஊரிலிருந்து அன்று யாருமே வரவில்லை என்று சாதித்தார்கள். ஊருக்குக் கோபம் வந்துவிட்டது. அம்மன் கோவில் முன்னால் சூடம் கொளுத்தி, ஒவ்வொருவராக உள்ளங்கையால் அடித்து அணைத்து, "மாரிக்கனி வேன்ல ஏறுனதை என் கண்ணால பாத்தேன்" என்று சத்தியம் செய்தார்கள். அந்தப் பக்கத்தில் சூடம் அணைத்துச் சொன்ன சொல்லுக்கு மறுசொல் கிடையாது. மாற்றிப் பேசினால் அம்மன் கண்ணை அவித்துவிடுவாள் என்ற பயம். அந்தச் சத்தியத்தின் பேரில் எரிந்த உடல் ஒன்றை வாங்கி, அவள் புருஷன் கொள்ளியும் வைத்துவிட்டான்.

அந்தக் கதையை அளக்கத்தான் தாலுகா ஆபீசிலிருந்து எங்கள் நிலையத்தை அழைத்தார்கள். முதல் தடவை போனபோது எங்களிடம் இருந்த முரண்களை எல்லாம் ஏற்றினோம். அசையவே இல்லை. அவ்வளவு உறுதியான கதையை நான் அதற்கு முன்னால் பார்த்ததில்லை. சில வாரம் கழித்து மறுபடி ஒருமுறை அளக்க வேண்டும் என்பது விதி. அதற்காகத்தான் அன்று பிற்பகல் நானும் என் சக அளவரும் போனோம். அவர் நல்ல மனிதர். நாய்க்குப் பயம், மாட்டுக்குப் பயம், கையேட்டில் எழுதியிருப்பதை மட்டும் நம்புவார்.

ஊருக்குள் நுழையும்போதே டிரைவர் வேகத்தைக் குறைத்தார். "மேடம், இந்த ஊருல என்னமோ சரியில்ல" என்றார். டீக்கடை மூடியிருந்தது. ஒவ்வொரு வாசல்நிலையிலும் வேப்பங்கொப்பு செருகியிருந்தது. தெருவில் ஒரு கோழிகூட இல்லை. ஊர்க் கடைசியில் பருத்தி போட்டு வைக்கும் அறை ஒன்று இருந்தது. ஊரே அதன் முன்னால் நின்றது. இரண்டு பேர் பருத்திமாரை, அதாவது காய்ந்த பருத்திச் செடியை, கட்டுக் கட்டாகத் தூக்கி வந்து கதவோரம் அடுக்கிக்கொண்டிருந்தார்கள்.

நாட்டாமை எங்களைப் பார்த்து, ஏதோ கல்யாண வீட்டு விவரம் சொல்வதுபோலச் சாதாரணமாகச் சொன்னார்: "செத்தவ வந்திருக்கா, மேடம். காலையில பஸ்ஸுல வந்து எறங்குனா. உள்ள அடைச்சு வச்சிருக்கோம். பேயோட்டுற கோடாங்கி விளக்கு வைக்கிற நேரத்துக்கு வந்துருவாரு. தீயில போனது தீயிலதான் திரும்பிப் போகும்ங்காரு."

பருத்திமார் எப்படிப் பிடித்து எரியும் என்று இந்தப் பக்கத்தில் பிறந்தவளுக்குச் சொல்லித் தர வேண்டியதில்லை.

கதவிடுக்கில் வாய் வைத்துக் கூப்பிட்டேன். உள்ளே இருந்தவள் மாரிக்கனியேதான். நடந்ததை மூச்சு வாங்க வாங்கச் சொன்னாள். புருஷனோடு சண்டை. கோபத்தில், விடியுமுன்னே யாரிடமும் சொல்லாமல் கிளம்பி, கோயம்புத்தூர்ப் பக்கம் மில்லில் வேலை பார்க்கும் பழைய சிநேகிதி வீட்டுக்குப் போய்விட்டாள். "தேடி வருவாருன்னு இருந்தேன். வரலை. வரலைன்னதும் எனக்கும் ரோசம் வந்து இருந்துட்டேன்." வேலைக்கு வராவிட்டால் ஏஜெண்டு சத்தம் போடுவான் என்று, ஓடைக்கு அந்தப் பக்கத்து ஊர்ப் பொன்னுத்தாயிடம் தன் சேலையைக் கொடுத்து, தன் பெயரில் வேனில் ஏறச் சொல்லியிருக்கிறாள். ஆள் மாற்றி அனுப்புவது அங்கே சகஜம். இருட்டில், முக்காடு போட்டு, அந்தச் சேலையில் ஏறியவளைத்தான் ஊர் பார்த்திருக்கிறது.

"பஸ்ஸை விட்டு எறங்குன பொறவுதான் தீப்பிடிச்ச சேதியே எனக்குத் தெரியும்" என்று அழுதாள். "அந்தப் பிள்ளை போயிட்டாளே மேடம். எனக்குப் பதிலா போயிட்டாளே."

சக அளவர் கையேட்டில் உள்ளபடி வேலையை ஆரம்பித்தார். லேசான முரணிலிருந்து கனமான முரணுக்கு. அவள் நெற்றித் தழும்பைப் பாருங்கள் என்றார். "கூடு அவ கூடுதானே, தழும்பு எங்க போகும்?" என்றது கூட்டம். பிள்ளை பிறந்த நேரத்தைச் சரியாகச் சொல்கிறாளே என்றார். "பெத்தவ செத்தா மறந்துருமா?" சோறு வாங்கிச் சாப்பிட்டாளே என்றார். "பசியோட செத்தவ. திங்கத்தான் செய்வா." ஒவ்வொரு பதிலுக்கும் கூட்டம் ஓரடி முன்னால் வந்தது. பருத்திமார்க் கட்டு இன்னொன்று வந்து விழுந்தது.

அப்போதுதான் எனக்குப் புரிந்தது. இதைக் கவனமாகக் கேளுங்கள். முரணைத் தாங்கும் கதை உண்டு, முறியும் கதை உண்டு. முரணைத் தின்று வளரும் கதையும் உண்டு. அதற்கு நீங்கள் எவ்வளவு கனமான ஆதாரம் கொடுத்தாலும், நீங்களே தீனி போட்டுக்கொண்டிருக்கிறீர்கள் என்று அர்த்தம். அங்கே உயிரோடு ஒரு மனுஷி நிற்கிறாள், அதைவிடக் கனமான முரண் உலகத்தில் கிடையாது. அதையும் அந்தக் கதை விழுங்கிவிட்டது.

இதற்கிடையில் யாரோ மாரிக்கனியின் மகளைத் தூக்கி வந்து கதவிடுக்கில் காட்டினார்கள். சின்னப் பிள்ளை. உள்ளே பார்த்ததும், "அம்மா இல்ல, அது பேயி, பேயி" என்று வீறிட்டு அப்பன் கழுத்தைக் கட்டிக்கொண்டது. அதுவரை உள்ளே கேட்டுக்கொண்டிருந்த அழுகை நின்றுபோனது. அந்த அமைதிதான் அன்றைக்கு நான் கேட்டதிலேயே பயங்கரமானது. இவளே நம்ப ஆரம்பித்துவிட்டாளோ என்று தோன்றியது.

"போதும் சார், நிறுத்துங்க. இன்னொரு முரணைத் தூக்கினீங்கன்னா கொளுத்திருவாங்க" என்று சக அளவரின் காதில் சொன்னேன்.

புருஷன் கருப்பசாமியிடம் போனேன். கொடூரமான ஆள் என்று நினைத்துக்கொண்டு போனேன். அவன் பிள்ளையை இறுக்கிப் பிடித்துக்கொண்டு நடுங்கிக்கொண்டிருந்தான். "கொள்ளி வச்ச கை மேடம் இது. பதினாறு செஞ்சு முடிச்சிட்டேன். இவ உசுரோட இருக்கான்னா நான் யாருக்குக் கொள்ளி வச்சேன்? அதைச் சொல்லுங்க மொதல்ல" என்றான்.

அங்கேதான் எனக்குப் பிடி கிடைத்தது. இவள் உயிரோடு இருக்கிறாள் என்பதற்கு அவனுக்கு ஆதாரம் தேவைப்படவில்லை. செத்தது யார் என்று தெரியாதவரை அவனால் இவளை உயிரோடு பார்க்கவே முடியாது. பொன்னுத்தாய் என்று சொல்லிப் பார்த்தேன். நாட்டாமை கையை வீசினார். "ஓடுகாலி அவ. எவன்கூடயோ திருப்பூர் போயிட்டான்னு அவ ஆத்தாளே சொல்லுதா. ஓடிப்போனவ பேரைச் சொல்லி இது தப்பிக்கப் பாக்குது."

கருப்பசாமி வீட்டில் மாரிக்கனியின் போட்டோவுக்கு மாலை போட்டு, அதன் கீழே ஒரு சோற்று வாளி வைத்திருந்தார்கள். முதல் தடவை போனபோதே பார்த்திருக்கிறேன். தீப்பெட்டி ஆபீசில் பெண்கள் சாப்பாட்டு வாளிகளை வெளியே வராந்தாவில் வரிசையாக வைப்பார்கள். அதனால் அது எரியாமல் தப்பியது. யாரும் கேட்காத அந்த ஒரு வாளி மாரிக்கனியுடையதாகத்தான் இருக்கும் என்று போலீஸ்காரர்கள் கொடுக்க, அவனும் வாங்கி வந்து வைத்துவிட்டான். தன் வீட்டில் என்னென்ன பாத்திரம் புழங்குகிறது என்று எந்த ஆம்பிளைக்குத் தெரியும், சொல்லுங்கள்? மாரிக்கனியிடம் கேட்டேன். "அது எனக்குள்ளது இல்ல. பொன்னுத்தாயி அவ வீட்டு வாளியத்தான் கொண்டு போனா" என்றாள்.

அதை மாரிக்கனி சொன்னால் பேய் சொன்னதாகிவிடும். நான் சொன்னால் பேயை நம்பியவள் சொன்னதாகிவிடும். சொல்லக்கூடியவள் ஒருத்திதான். பொன்னுத்தாயின் அம்மா வேலம்மாள்.

நான் என்ன நினைக்கிறேன் என்று மாரிக்கனிக்குப் புரிந்துவிட்டது. கதவிடுக்கில் விரலை நுழைத்து என் சேலையைப் பிடித்துக்கொண்டாள். "வேலம்மா மதினிட்ட மட்டும் சொல்லிராதீங்க மேடம். மக எங்கியோ நல்லாருக்கான்னு இருக்காவ. எனக்குப் பயமாத்தான் இருக்கு. ஆனாலும் சொல்லாதீங்க."

உங்களுக்குச் சொல்லிக் கொடுத்திருப்பார்கள்: அளவுக்கு உட்படாதவர் கதையைத் தொடாதே. நல்ல விதி. நானே பலரைத் திட்டியிருக்கிறேன் அதற்காக. அன்று அந்த விதிக்கும் பருத்திமார்க் கட்டுகளுக்கும் நடுவில் நின்றேன். வெயில் சாய்ந்துகொண்டிருந்தது. யோசிக்கிறேன் என்று நின்றிருந்தால் அதுவே ஒரு முடிவாகியிருக்கும். டிரைவரை ஜீப்போடு போலீஸ் ஸ்டேஷனுக்கு அனுப்பினேன். வந்து சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிடலாம் என்று தெரியும். ஆனாலும் அனுப்பினேன்.

சக அளவரிடம், "நான் ஓடைக்கு அந்தப் பக்கம் போறேன்" என்று மட்டும் சொன்னேன். அந்த மனிதர் செய்ததைக் கேளுங்கள். நேராகப் போய்க் கதவோரம் இருந்த பருத்திமார்க் கட்டின்மேல் சம்மணம் போட்டு உட்கார்ந்தார். "அளவு முடியலை. அரசாங்க வேலை பாதியில நிக்கக் கூடாது. ஒவ்வொருத்தரா வாங்க, அன்னைக்கு விடியக்காலம் யார் யார் எங்க நின்னீங்க?" என்று நடுங்கும் குரலில் ஆரம்பித்தார். கொளுத்த வேண்டுமானால் அவரை எழுப்ப வேண்டும். நாய்க்குப் பயந்த மனுஷன்!

வேலம்மாள் வீட்டு முற்றத்தில் பருத்தியில் சருகு பொறுக்கிக்கொண்டிருந்தாள். என்னைப் பார்த்ததும், என் கையில் இருந்த பையைப் பார்த்ததும், எழுந்துவிட்டாள். முகம் மலர்ந்தது.

"எம்மவகிட்ட இருந்து தாக்கல் வந்திருக்கா? எங்கன இருக்கா? திருப்பூருதானே? நான் வையமாட்டேன்னு சொல்லுங்க. அன்னைக்குக் கோவத்துல மண்ணை வாரித் தூத்துனேன். அதெல்லாம் மனசுல வச்சுக்கிட வேண்டாம்னு சொல்லுங்க. பிள்ளை கிள்ளை உண்டாயிருக்காளா?"

பேசிக்கொண்டே உள்ளே போய்த் துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு வந்தாள். மகள் எங்கே இருந்தாலும் உடனே கிளம்பிவிடத் தயாராக நின்றாள். ஒரு வாளியைப் பார்க்க வேண்டும், வாருங்கள் என்று ஏமாற்றிக் கூட்டிக்கொண்டு போயிருக்கலாம். நேரம் மிச்சமாகியிருக்கும். அது என்னால் முடியவில்லை. அந்த ஊர்க்காரர்கள் நடுவில், கட்டுக் கட்டாக அடுக்கிய பருத்திமாருக்கு முன்னால் அவள் அதைத் தெரிந்துகொள்ளக் கூடாது. ஓடைக் கரையில் நிறுத்திச் சொன்னேன். எப்படிச் சொன்னேன் என்று கேட்காதீர்கள், நினைவில்லை.

வேலம்மாள் தரையில் உட்கார்ந்துவிட்டாள். ஒரு கை மண்ணை அள்ளினாள், விட்டாள். "தீப்பெட்டி ஆபீசுக்குப் போகக் கூடாதுன்னு படிச்சுப் படிச்சுச் சொன்னேனே. எனக்குத் தெரியாமல்லா போயிருக்கா" என்றாள். விழுந்துவிடுவாள் என்று பயந்தேன். எழுந்திருக்க மாட்டாள் என்று பயந்தேன். இரண்டு பெண்களையும் நானே கொன்றுவிட்டேன் என்றுகூடத் தோன்றியது.

தலையைத் தூக்காமல் கேட்டாள்: "அந்த மாரிக்கனி இப்ப உசுரோட இருக்காளா?"

"நான் வரும்போது இருந்தா அம்மா."

"அப்ப என்னத்துக்கு நிக்கிய? நடங்க வெரசா."

எனக்கு முன்னால் அவள் நடந்தாள். நடந்தாள் என்பதா, ஓடினாள். வெடிப்பு விட்ட கரிசலில் கால் இடறி இடறி நான் பின்னால் போனேன்.

நாங்கள் போய்ச் சேரும்போது உடுக்கைச் சத்தம் கேட்டது. கோடாங்கி வந்துவிட்டார். இரண்டு பேர் சக அளவரைத் தோளைப் பிடித்து எழுப்பிக்கொண்டிருந்தார்கள். அவர் கதவுக் கொண்டியைப் பிடித்துத் தொங்கிக்கொண்டு, "இன்னும் ஒரே ஒரு கேள்வி, ஒரே ஒரு கேள்வி" என்று கெஞ்சிக்கொண்டிருந்தார். வேலம்மாள் கூட்டத்தைத் திரும்பியும் பார்க்காமல் நேராகக் கருப்பசாமி வீட்டுக்குள் போனாள். வாளியோடு வெளியே வந்தாள். அதன் பிடி உடைந்து, சைக்கிள் கம்பியை வளைத்து மாட்டியிருந்தது.

"ஏலே, எல்லாவனும் இங்கன பாரு. இந்தக் கம்பிய வளைச்சவ நானு. இது எங்க வீட்டு வாளி. உங்க ஊரு பேரைச் சொல்லிச் செத்தது எம்மவ."

உடுக்கை நின்றது. சந்தோஷப்படாதீர்கள், ஆபத்து அப்போதுதான் அதிகம். முறியப் போகிற கதை கடைசியில் யாரையாவது அடித்துவிட்டுத்தான் முறியும். நாட்டாமையின் வாய் கோணிக்கொண்டு வந்தது. "அப்ப நாங்க அம்மன் முன்னால அணைச்ச சூடம்? ஊரே பொய்ச்சத்தியம் பண்ணிருச்சுங்கியா?" என்று அவர் கத்தியபோது, கூட்டத்தில் பலர் தங்களையறியாமல் கண்ணைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார்கள். பயத்தில் அவர்கள் எதையும் செய்திருப்பார்கள்.

நான் குறுக்கே போய் நின்றேன். "பொய் இல்லை அண்ணாச்சி. அந்தச் சேலையில ஒரு பெண்பிள்ளை வேனில் ஏறினாள். நீங்க பாத்தீங்க. பாத்ததைத்தான் சொன்னீங்க. ஆபீஸ்காரன் அவளை வரவே இல்லைன்னான். ஒரு பிள்ளை வந்தாள்னு நீங்க எல்லாரும் சாட்சி சொன்னீங்க. அம்மனுக்கு அது தெரியாதா? முகத்தைப் பாத்தேன்னு யாராவது சத்தியம் பண்ணீங்களா?"

ஒருவரும் பண்ணவில்லை. முகத்தைப் பற்றி ஒரு வார்த்தைகூட அந்தச் சத்தியத்தில் இல்லை. நாட்டாமை கிட்டே வந்து வாளியின் கம்பிப் பிடியைத் தொட்டுப் பார்த்தார். பிறகு தலைத்துண்டை எடுத்து இடுப்பில் கட்டினார். "கட்டைத் தூக்கு அங்கிட்டு" என்றார். மனிதர்களைக் கதையிலிருந்து வெளியே கூப்பிடும்போது அவர்கள் காலை வைக்க ஓரிடம் காட்டுங்கள், பிள்ளைகளா. இல்லாவிட்டால் வரமாட்டார்கள்.

மாரிக்கனியை வெளியே கொண்டுவந்தார்கள். தலையெல்லாம் பஞ்சு. வேலம்மாள் முன்னால் நிமிர முடியாமல் அப்படியே மண்டியிட்டாள். வேலம்மாள் அவளைப் பார்க்கவில்லை. கருப்பசாமியைத்தான் பார்த்தாள்.

"எம்மவளுக்குக் கொள்ளி வச்சது நீதானாலே?"

"ஆமாம்மா."

"பால் தெளிச்சியா? எல்லாம் ஒழுங்காச் செஞ்சியா?"

"ஒண்ணும் குறை வைக்கலைம்மா."

"நல்லாயிரு" என்றாள். அதன்பிறகுதான் அவளுக்கு அழுகை வந்தது. ஒரு பெண்கூடக் கிட்டே வரவில்லை. எல்லாருக்கும் இன்னும் பயம். மாரிக்கனிதான் நகர்ந்து போய் அவள் கழுத்தைக் கட்டிக்கொண்டு, பொன்னுத்தாயி, பொன்னுத்தாயி என்று பெயர் சொல்லி அழுதாள். வேலம்மாள் அவளைத் தள்ளிவிடவில்லை. கொஞ்ச நேரத்தில் ஊர்ப் பெண்களும் வந்து உட்கார்ந்தார்கள். சரியான பெயரைச் சொல்லி மறுபடியும் முதலிலிருந்து அழுதார்கள்.

போலீஸ் வந்து விசாரித்தது. விளக்கு வைத்தாயிற்று. வேலம்மாள் தன் வாளியை எடுத்துக்கொண்டு கிளம்பினாள். ஓடைவரை ஜீப்பில் கொண்டுவந்து விடுகிறேன் அம்மா என்று கையைப் பிடித்தேன். கையை மெதுவாக விடுவித்துக்கொண்டாள். கோபமாகச் சொல்லவில்லை. எனக்குத் தெரிந்திருக்க வேண்டிய ஒன்றைச் சொல்வதுபோலச் சொன்னாள்.

"நீங்க வராம இருந்திருந்தா எம்மவ இன்னைக்கும் திருப்பூர்ல நல்லா இருந்திருப்பா."

கொஞ்ச தூரம் போனவள் நின்று, திரும்பி, மாரிக்கனி வீட்டுப் பக்கம் பார்த்தாள். அங்கே விளக்கு எரிந்தது. கதவுக்குப் பின்னாலிருந்து அந்தச் சின்னப் பிள்ளை எட்டிப் பார்த்து, அம்மாவின் சேலை நுனியைத் தொட்டுத் தொட்டுக் கையை இழுத்துக்கொண்டிருந்தது.

"அந்தப் பிள்ளைக்கு இனியாவது சரியாச் சொல்லிக் குடுக்கச் சொல்லுங்க" என்று சொல்லிவிட்டு வேலம்மாள் ஓடையை நோக்கி நடந்தாள்.